கிணத்து ரொட்டியின் பக்குவம்

புதன்கிழமை, காலை

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுவது. நீயும் மாப்பிள்ளையும் குட்டிப் பயலும் மேலுக்கு ஒன்றும் இல்லாமல் இருக்க வேண்டும் என்பதுதான் இங்கே எங்கள் இருவருக்கும் எழுந்ததும் முதல் நினைப்பு. நாங்கள் நடமாடிக்கொண்டிருக்கிறோம், அதைச் சுகம் என்று சொல்லலாம் என்றால் சுகம்தான். அம்மாவுக்கு முழங்கால் வலி மாடிப்படி ஏறும்போது மட்டும், என் தோள்பட்டை எப்போதும் போல. பள்ளிக்கூடத்துக் கழிப்பறைகளில் குழாய் மாற்றும் வேலை இரண்டு வாரமாக ஓடுகிறது, குனிந்து நிமிர்வதற்குள் பிராணன் போகிறது, ஆனாலும் வீட்டில் சும்மா உட்கார்ந்திருப்பதற்கு அது தேவலை. அப்பா ஏன் திடீரென்று காகிதத்தில் எழுதுகிறார், போன் கெட்டுவிட்டதா என்று நினைப்பாய். கெடவில்லை. போனில் பேசினால் நான் பாதியைச் சொல்லி மீதியை முழுங்கிவிடுவேனாம், அம்மா சொல்லிவிட்டாள். சொன்னதோடு விட்டாளா, சாப்பாட்டு மேஜை மேல் கிடந்த வாஷர், திருகாணி, பழைய குழாய்த் தலை எல்லாவற்றையும் ஒரு டப்பாவில் வாரிப் போட்டுவிட்டு, நோட்டையும் பேனாவையும் வைத்து, எழுதி முடிச்சுட்டு எந்திரிங்க என்று சொல்லிவிட்டுப் போனாள். மூன்று நாளில் அவள் என்னை நேராகப் பார்த்துப் பேசியது அவ்வளவுதான். மற்றபடி சாப்பாடு வெச்சாச்சு என்று சுவரைப் பார்த்துச் சொல்கிறாள், சுவர் எழுந்து வராததால் நான் போய்ச் சாப்பிட்டுக்கொள்கிறேன். அவள் கோபத்தில் நியாயம் இருக்கிறது. அந்த நியாயத்தைச் சொல்லத்தான் இந்தக் கடிதம். உன் அண்ணனைப் பற்றியது. அவன் பேச்சு என்றதும் மடித்து வைத்துவிடாதே கண்ணு, இந்த ஒரு தடவை கடைசிவரை படித்துவிடு.

நீ இத்தனை நாளாக நம்பிக்கொண்டிருப்பது என்ன என்று எனக்குத் தெரியும், ஏனென்றால் அதை உன் காதில் போட்டவனே நான்தான். அண்ணன் ஆறு வாரம் படுத்திருந்தது, கணையத்தில் கட்டி என்று கண்டுபிடித்தது, மூன்று வாரம் ஆஸ்பத்திரியில் வைத்துப் பார்த்துவிட்டு இனி வீட்டிலேயே வைத்துக்கொள்ளுங்கள் என்று டாக்டர் கையை விரித்தது, எதுவும் உனக்குத் தெரியாது. எல்லாம் முடிந்த பிறகு மாப்பிள்ளைக்குத்தான் போன் செய்தேன். அவர் உன் டாக்டரிடம் யோசனை கேட்டு, நாலு நாள் கழித்து, உன் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார். அன்றைக்கு நீ என்னிடம் கேட்டது ஒரே கேள்வி. ஏன்ப்பா எனக்கு யாருமே சொல்லலை என்று கேட்டாய். அவன்தாம்மா உன்கிட்ட சொல்லக் கூடாதுன்னு எங்ககிட்ட சத்தியம் வாங்கிட்டான் என்று நான் சொன்னேன். யோசித்துச் சொன்னது இல்லை, வாய் தானாகச் சொல்லிவிட்டது. பத்து மாதமாக அவன் பேரை நீ எடுப்பதில்லை. அம்மா அனுப்பிய அவன் படம் இன்னும் உறையைவிட்டு வெளியே வரவில்லை என்று மாப்பிள்ளை சொன்னார். போனவன் மேல இவ்வளவு கோபமா என்று அம்மா அழுதபோது நான் பக்கத்திலேயே வாயைத் தைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அம்மாடி, அவன் எந்தச் சத்தியமும் வாங்கவில்லை. உன்னிடம் பேச வேண்டும் என்று கேட்டவன் அவன். பேசவிடாமல் செய்தவன் நான். போட்டு உடைத்துவிட்டேன், இனி நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

உனக்கு முதல் பிள்ளை நாலாம் மாதத்தில் கலைந்தபோது நீ எப்படிக் கிடந்தாய் என்பதை மாப்பிள்ளை போனைத் திருப்பிக் காட்டி நாங்கள் பார்த்தோம். இரண்டாவது தடவை கட்டிலைவிட்டு இறங்கக் கூடாது, பயணம் கூடாது, அதிர்ச்சியான செய்தி எதுவும் கூடாது என்று உன் டாக்டர் சொல்லியிருந்தார். அந்த நேரத்தில்தான் இங்கே இவனுக்கு இப்படி. ஒன்று கையைவிட்டுப் போகிறது, இன்னொன்றின் வயிற்றில் இருப்பதையாவது காப்பாற்றுவோம் என்று நினைத்தேன். அது தப்பான நினைப்பு என்று இன்றைக்கும் என்னால் சொல்ல முடியவில்லை. தப்பெல்லாம் அதற்குப் பிறகு நான் செய்ததில் இருக்கிறது. தொண்டையில் குழாய் போட்டு எடுத்ததில் அவன் குரல் போய்விட்டது, காதை வாய்கிட்டே கொண்டுபோனால்தான் கேட்கும். அவன் போனை எடுத்து என் ஸ்பேனர் பைக்குள் போட்டுக்கொண்டேன். எங்கப்பா என் போனு என்று கேட்டபோது, ஒரு வீட்டுல தொட்டி கழுவும்போது தண்ணிக்குள்ள விழுந்திருச்சுப்பா, ரிப்பேருக்குக் குடுத்திருக்கேன் என்றேன். அது பைக்குள்ளிருந்து அதிரும், நீ செய்தி அனுப்பியிருப்பாய். பதில் வரவில்லை என்றால் சந்தேகப்படுவாயே. மேலே இருந்த பழைய செய்திகளையெல்லாம் படித்து, அவன் உன்னை எந்த இடத்தில் சுண்டெலி என்று கூப்பிடுவான், எங்கே இரண்டு புள்ளி வைப்பான் என்றெல்லாம் பழகிக்கொண்டேன். வண்டியில இருக்கேன் சுண்டெலி, லோடு ஜாஸ்தி, அப்புறம் பேசறேன் என்று உனக்கு வந்ததே, அது ஆஸ்பத்திரி வராந்தாவில் உட்கார்ந்து நான் தட்டியது. பேக்கரி மாஸ்டர் உப்புக்குப் பதில் சர்க்கரை போட்ட கதை என்று ஒன்று வந்ததே, அதுவும் நான்தான், பழைய சரக்கைத் திருப்பிப் போட்டேன். மொத்தம் பதினோரு செய்தி. போன மாதம் அம்மாவுக்கு நீ எழுதியிருந்தாய், சிரிச்சு சிரிச்சு மெசேஜ் அனுப்பத் தெரிஞ்சவனுக்கு ஒரு வார்த்தை உண்மை சொல்ல மனசு வரலையே என்று. அம்மா அதை எனக்குப் படித்துக் காட்டினாள். நான் டீ ஆறுது என்று சொல்லிவிட்டு எழுந்து போய்விட்டேன்.

இனிமேல் எழுதப்போவது கிணத்து ரொட்டியைப் பற்றி. அவன் பேக்கரி வேன் ஓட்டிய காலத்தில், ஞாயிற்றுக்கிழமை விற்காத உருண்டை ரொட்டிகளை வீட்டுக்குக் கொண்டுவருவானே, நீங்கள் இரண்டு பேரும் அதைத் தோண்டிச் சீஸை ஊற்றிச் சுட்டு நடுவில் வைப்பீர்கள், அம்மாதான் கிணறு மாதிரி இருக்குடி என்று பேர் வைத்தாள். எனக்கு அதைச் சாப்பிட மட்டும்தான் தெரியும். நான் வேலை முடிந்து வந்து கை கழுவும்போது, நீ கையுறை மாட்டிக்கொண்டு ஓவன் முன்னால் நிற்பாய், அவன் துணி துவைக்கிற மெஷின் மேல் உட்கார்ந்து காலை ஆட்டிக்கொண்டு ஏதாவது நொட்டை சொல்லிக்கொண்டிருப்பான். அதனால் அது உன் கைவேலை என்றே நினைத்திருந்தேன். வீட்டுக்குக் கொண்டுவந்த பிறகு அவன் கட்டிலை முன்னறையில், தெரு தெரிகிற ஜன்னலோரம் போட்டிருந்தோம். ஒரு நாள் காலை பத்து மணி இருக்கும், அம்மா மருந்துக் கடைக்குப் போயிருந்தாள். வாய்க்கு எதுவும் பிடிக்கலைப்பா, கிணத்து ரொட்டி சாப்பிடணும் போல இருக்கு, ரொட்டி வேணாம், உள்ள இருக்கிற சீஸ் ரெண்டு ஸ்பூன் போதும் என்றான். பிறகு, சுண்டெலிக்குப் போன் போட்டு எப்படிப் பண்றதுன்னு கேளுங்கப்பா, ஸ்பீக்கர்ல போடுங்க, நானும் கேக்கறேன் என்றான். நான் முழித்த முழியைப் பார்த்துவிட்டு, அவ வர வேணாம், வயித்துப் புள்ளையோட அலைய வேணாம், குரல் கேட்டாப் போதும் என்றான். அவன் சொன்னதை அப்படியே எழுதியிருக்கிறேன், ஒரு எழுத்துக் கூட்டவில்லை. அம்மாவிடம் அவன் இதைக் கேட்கவில்லை, உன் பேரைச் சொன்னாலே அவள் உடைந்துபோவாள் என்று அவனுக்குத் தெரியும். இப்ப அவ தூங்கற நேரம்ப்பா என்று நான் சொன்னேன். அடுத்த நாள் கேட்டான், டாக்டர்கிட்ட போயிருப்பா என்றேன். அதற்கடுத்த நாளும் கேட்டான். இப்படி எத்தனை நாளைக்கு ஓட்டுவது, நானே செய்துகொடுத்துவிட்டால் கேட்பதை நிறுத்துவான் என்று, பேக்கரிக்குப் போய் ஒரு ரொட்டியும், கடையில் கண்ணில் பட்ட சீஸ் எல்லாமும் வாங்கி வந்தேன்.

எனக்குத் தெரிந்தது குழாய். ரொட்டியையும் குழாய் மாதிரியே பார்த்தேன், சுவர் எல்லாப் பக்கமும் ஒரே கனமாக இருக்க வேண்டும் என்று ஸ்பூனை வைத்து அடிவரை சுரண்டு சுரண்டு என்று சுரண்டினேன். உள்ளே கையைவிட்டுத் தடவிப் பார்த்து, பேஷ், வழவழவென்று இருக்கிறது என்று எனக்கு நானே மெச்சிக்கொண்டேன். சீஸை உருக்கி ஊற்றி ஓவனில் வைத்துக் கால் மணி நேரம்கூட ஆகவில்லை, புகை வருகிறது. திறந்து பார்த்தால் அடி நனைந்து பிய்ந்து, சீஸ் முழுக்கக் கம்பி மேல் கொட்டித் தீய்ந்துகொண்டிருக்கிறது. நான் இருமிக்கொண்டே முன்னறைக்கு ஓடிப்போய் ஜன்னலைத் திறந்தேன். அவனுக்குச் சிரிப்பு. சத்தம் வராத சிரிப்பு, தோள் மட்டும் குலுங்குகிறது. ஊர்ல இருக்கிற ஒழுகலையெல்லாம் அடைச்சீங்க, ஒரு ரொட்டி ஒழுகலை அடைக்க முடியலையாப்பா என்றான். அந்த ஆறு வாரத்தில் அவன் சிரித்து நான் பார்த்தது அன்றைக்கு மட்டும்தான். சிரித்து முடித்ததும் என் சட்டையைப் பிடித்துக்கொண்டு, இப்பவாவது அவளைக் கேளுங்கப்பா என்றான். இதற்கு மேல் தள்ளிப்போட எனக்கு வாய் வரவில்லை. சரி, இங்க சிக்னல் கிடைக்காது, வெளிய போய்ப் பேசிட்டு வரேன் என்று என் போனை எடுத்துக்கொண்டு மாடிப்படித் திருப்பத்தில், தண்ணீர் மீட்டர்கள் இருக்கிற இடத்தில் போய் நின்றேன். போனைக் காதில் வைத்துக்கொண்டு, யாரும் இல்லாத போனில், ஆமாம்மா, சொல்லும்மா, அப்படியா, சரிம்மா என்று அவன் காதில் விழுகிற அளவுக்குச் சத்தமாகப் பேசினேன். மேல்வீட்டு டீச்சர் இறங்கி வந்து உடம்பு எப்படி இருக்கு தம்பிக்கு என்று கேட்டதற்கு, பேசிக்கொண்டிருக்கிறேன் என்று விரலைக் காட்டினேன் பார், அதை நினைத்தால்தான் எனக்கு என் மேலேயே அருவருப்பாக இருக்கிறது.

உள்ளே வந்து, ரொட்டிக்கு வெளியே அலுமினியத் தாளை அடியிலிருந்து மேலே ரெண்டு சுத்து இறுக்கிச் சுத்தணுமாம், அப்ப ஒழுகாதாம், அவ சொன்னா என்றேன். நாப்பது வருஷமாக ஜாயிண்டுக்கு டேப் சுற்றியவன் வாயில் வேறென்ன வரும். அவன் என்னையே பார்த்துக்கொண்டிருந்தான். அப்படியா சொன்னா என்று கேட்டான். ஆமாப்பா என்றேன். என்கிட்ட ஏன் பேசலை என்று கேட்டான். அழறாப்பா, அவளால பேச முடியலை என்றேன். கொஞ்ச நேரம் தெருவைப் பார்த்தான். பிறகு என் புறங்கையை இரண்டு தட்டுத் தட்டி, சரிப்பா, அவ சொன்னாச் சரியாத்தான் இருக்கும், அப்படியே பண்ணுங்க என்றான். மறுநாள் இன்னொரு ரொட்டி வாங்கித் தாளைச் சுற்றி வைத்தேன். ஒழுகவில்லை. ஆனால் உள்ளே இருந்த ஈரம் வெளியே போக வழியில்லாமல் ரொட்டி நொதநொதவென்று கூழாகிவிட்டது, சீஸும் அதுவும் எது எது என்று தெரியவில்லை. அவன் கேட்ட இரண்டு ஸ்பூனையும் சாப்பிட்டான். நல்லா இருந்துச்சுன்னு அவகிட்ட சொல்லிடுங்க என்றான். அதற்குப் பிறகு ஒன்பது நாள் இருந்தான். அந்த ஒன்பது நாளில் உனக்குப் போன் போடச் சொல்லி ஒரு தடவைகூடக் கேட்கவில்லை. நான் என்ன நினைத்தேன் தெரியுமா, அவனுக்கு நிம்மதி வந்துவிட்டது என்று நினைத்தேன். நல்ல பொய்யாகத்தான் சொல்லியிருக்கிறோம் என்று எனக்குள் ஒரு பெருமைகூட இருந்தது. பத்தாம் நாள் காலையில் அம்மா அவன் படுக்கை விரிப்பை மாற்ற அவனைப் புரட்டிப் பிடிக்கச் சொன்னாள், பிடித்தேன், என் கையிலேயே மூச்சு நின்றுவிட்டது. அதை உனக்கு ஒரு நாள் அம்மாவே சொல்வாள், என்னால் இதற்கு மேல் எழுத முடியவில்லை.

போன வாரம் அம்மா உன்னிடம் கிணத்து ரொட்டிக்குப் பக்குவம் கேட்டாள் அல்லவா. அவளுக்குச் சாப்பிட ஆசை ஒன்றும் இல்லை. நீ நாலு வரி சேர்த்து எழுதினால் போதும் என்றுதான் தூண்டில் போட்டாள். நீயும் எழுதினாய், பத்து மாதத்தில் உன்னிடமிருந்து வந்ததில் அதுதான் நீளம், அம்மா அதை மூன்று தடவை படித்தாள். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் செஞ்சுதான் பாப்போமே என்றாள். அவள் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு போனில் பார்த்து ஒவ்வொன்றாகப் படிப்பது, நான் செய்வது என்று ஏற்பாடு. ஓரத்திலிருந்து இரண்டு விரல் விட்டு வட்டமாகக் கோடு கீறி, கத்தியைச் சாய்வாக விட்டு மூடியை எடுத்தேன். உள்ளே இருப்பதை ஸ்பூனால் சுரண்டாமல் கையால் துண்டு துண்டாகப் பிய்த்து எடுக்கச் சொல்லியிருந்தாய், அடியில் ஒரு விரல் கனம் விடச் சொல்லியிருந்தாய், அப்படியே செய்தேன். அடுத்து சீஸா என்று கேட்டேன். அம்மா படித்தாள். இருங்கம்மா, உடனே ஊத்திடாதீங்க, உள்பக்கம் வெண்ணெய் தடவி, காலி ரொட்டியை வெறுமனே பத்து நிமிஷம் ஓவன்ல வெக்கணும், உள்சுவர் மொறுமொறுன்னு ஆனாத்தான் சீஸ் ஊறாது, ஒழுகாது, இது தெரியாம மொத தடவை ஓவன் பூரா கொட்டிட்டேன், அவன்தான் பேக்கரி மாஸ்டர்கிட்ட கேட்டுட்டு வந்து சொல்லிக்குடுத்தான், பக்குவம் பூராவும் அவன் சொன்னதுதான், நான் கை மட்டும்தான். இதைப் படித்துவிட்டு அம்மாவுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. பாத்தீங்களா, பாத்தீங்களா, அவனைப் பத்திக் கோபமில்லாம எழுதிட்டா என்று என் தோளைப் பிடித்து உலுக்குகிறாள். நான் காலி ரொட்டியைக் கையில் வைத்துக்கொண்டு மரம் மாதிரி நிற்கிறேன்.

அவன் சொல்லிக்கொடுத்த பக்குவத்தை அவனே உன்னிடம் கேட்கச் சொல்லியிருக்கிறான். அவனுக்குப் பக்குவம் எதற்கு, உன் குரல் வேண்டியிருந்தது, அதற்கு ஒரு சாக்குத்தான் ரொட்டி. நான் போய் அலுமினியத் தாள் என்று வந்து சொன்னேனே, அந்த நிமிஷமே அவனுக்குத் தெரிந்துவிட்டது நான் உன்னோடு பேசவே இல்லை என்று. நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள், நான் கெட்டது எனக்குத் தெரியவே பத்து மாதம் ஆகியிருக்கிறது. அத்தனையும் தெரிந்துகொண்டுதான் என் கையைத் தட்டி, அவ சொன்னாச் சரியாத்தான் இருக்கும் என்றிருக்கிறான். அந்தக் கூழைத் தின்றுவிட்டு நல்லா இருந்துச்சுன்னு சொல்லிடுங்க என்றிருக்கிறான். அம்மா அவசரப்படுத்தியதால் மீதியைச் செய்தேன், எப்படிச் செய்தேன் என்று தெரியாது. வெண்ணெய் தடவிப் பத்து நிமிஷம் வைத்து எடுத்ததும் தட்டினால் டொக்கென்று சத்தம் வந்தது. கிரீம் சீஸ், துருவிய சீஸ், புளித்த கிரீம், பூண்டு, வெங்காயத்தாள், மிளகு எல்லாவற்றையும் கலந்து ஊற்றி மூடியைப் போட்டு, முக்கால் மணி நேரம். ஒரு சொட்டு ஒழுகவில்லை. அம்மா பிய்த்த துண்டு ஒன்றை வறுத்து அதில் தொட்டுச் சாப்பிட்டுவிட்டு, அதே ருசிங்க என்று கண்ணைத் துடைத்தாள். நான் குளியலறைக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டுக்கொண்டு அழுதேன். ரொம்ப நேரம் தண்ணீர் ஓடுகிற சத்தம் கேட்டு, என்னங்க, நம்ம வீட்டுக் குழாயுமா ரிப்பேரு என்று கதவைத் தட்டினாள். கதவைத் திறந்து, நடையில் நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னேன். படிக்கட்டில் நின்று பேசியது, பதினோரு செய்தி, சத்தியம் வாங்கினான் என்று உன்னிடம் சொன்னது, அவனும் சொல்ல வேண்டாம் என்கிறான் என்று அவளிடமே சொன்னது, ஒன்று விடாமல். அவள் கத்தவில்லை. உள்ளே போய்க் குழாயை மூடினாள். புள்ள உங்க மானத்தைக் காப்பாத்திட்டுப் போயிருக்கான், நீங்க அவன் பேரைக் கெடுத்து வெச்சிருக்கீங்க என்றாள். அதற்குப் பிறகுதான் சுவரோடு பேச ஆரம்பித்தாள்.

அவள் சொன்னது சரி. உன்னிடம் அவன் பேரைக் கெடுத்தவன் நான். அதனால் இதை நன்றாகக் கேட்டுக்கொள். நீ தெரிந்தும் பேசாமல் இருந்துவிட்டாய் என்ற நினைப்போடு அவன் போகவில்லை. உனக்கு யாரும் சொல்லவில்லை என்பது அவனுக்குத் தெரியும். உன் மேல் அவனுக்கு எள்ளளவு மனக்குறையும் இருந்திருக்க முடியாது. கேட்பதை நிறுத்திய பிறகு, அந்த ஒன்பது நாளும் அவன் என்னைக் கேட்டது வேறொன்று. காலையில் முகம் துடைத்துவிடும்போது, இன்னிக்கு அவளுக்கு எத்தனையாவது வாரம்ப்பா என்பான். நான் எண்ணிச் சொல்வேன். முப்பதா, அப்ப உள்ள கண்ணைத் திறந்து பாக்கும், ஆஸ்பத்திரிச் சுவத்துல படம் போட்டிருந்துச்சு என்றான் ஒரு நாள். நான் ஏன் பொய் சொன்னேன் என்பதும் அவனுக்குப் புரிந்திருக்கிறது. அந்த வாரக் கணக்கை நீ வைத்துக்கொள், அது உனக்குச் சேர வேண்டியது. இன்னொன்றும் சொல்லச் சொன்னான், சிரிக்காதே. உன் சைக்கிள் கைப்பிடியைக் கோணலாக்கியது எதிர்வீட்டுக்காரர் இல்லையாம், இவன்தானாம், அதற்காக நீ அவர் வீட்டு வாசலில் போய்ச் சண்டை போட்டபோது இவன் உள்ளே ஒளிந்துகொண்டிருந்தானாம். புள்ள பொறந்ததும் அவளைத் தூங்க விடச் சொல்லுங்க, தூக்கம் கெட்டா அவ மனுஷியே இல்லை என்றும் சொன்னான். இவையெல்லாம் பத்து மாதம் முந்தியே உன் கைக்கு வந்திருக்க வேண்டியவை.

மாப்பிள்ளைக்கு என் அன்பைச் சொல். அவர் மேல் கோபப்படாதே, அவருக்கும் நான் எதையும் சொல்லவில்லை. குட்டிப் பயல் தவழ ஆரம்பித்துவிட்டான் என்றால் தரையோரம் இருக்கிற மின்சார ஓட்டைகளையெல்லாம் மூடிவிடு, பாத்திரம் கழுவும் தொட்டிக்கு அடியில் இருக்கிற கதவுக்குக் கொக்கி போடு, பிள்ளைகள் முதலில் அங்கேதான் போவார்கள், நான் எத்தனை வீட்டில் பார்த்திருக்கிறேன். நேரத்துக்குச் சாப்பிடு. உனக்கும் மாப்பிள்ளைக்கும் நீண்ட ஆயுசும், உன் பிள்ளை உன்னிடம் எதையும் மறைக்காத வாழ்வும் அமைய வேண்டும் என்று அம்மாவும் நானும் வேண்டிக்கொள்கிறோம். என்னை மன்னித்துவிடு என்று எழுதிப் பார்த்தேன், அடித்துவிட்டேன். அவனிடம் கேட்க முடியாததை உன்னிடம் மட்டும் கேட்டு வாங்கிக்கொள்வது நியாயமாகப் படவில்லை. உன் கோபத்தை எத்தனை நாள் வேண்டுமானாலும் என் மேல் வைத்துக்கொள், அவன் மேல் இருந்து மட்டும் எடுத்துவிடு. ஒரே ஒரு காரியம், மறக்காமல் செய். இதைப் படித்ததும் அம்மாவுக்குப் போன் செய், அவள் உன் குரலுக்குக் காத்துக்கொண்டிருக்கிறாள். தப்பித் தவறி நான் எடுத்துவிட்டால் வைத்துவிடாதே. ஒரு வார்த்தை பேசமாட்டேன், நேராக அவள் கையில் கொடுத்துவிட்டுத் தள்ளிப் போய்விடுவேன்.

இப்படிக்கு,
அப்பா